பினாயில் சார்

அதைப் பார்க்காதே, தம்பி. பொட்டலத்தை. வந்து நின்றதிலிருந்து அதையேதான் பார்க்கிறாய்.

போளி. பருப்புப் போளி. நாலு இருக்கிறது. எனக்குச் சர்க்கரை, தின்னக் கூடாது. அதற்காக உனக்குத் தருவேன் என்று அர்த்தம் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை வண்டி இப்படித்தான். தாம்பரம் வண்டிக்கு இன்னும் முக்கால் மணி என்றான் கவுண்டரில். உட்காருவதென்றால் உட்கார். நின்றுகொண்டு என் மடியைப் பார்க்காதே.

எண்ணெய் வேட்டியில் இறங்குகிறது, தெரியும். சுற்றின தாள் அப்படி. பழைய தாள். எண்ணெயை நிறுத்தாது.

டூர் போய்விட்டு வருகிறேன். சிரிக்காதே. இந்த ஊரில் பிறந்து, இந்த ஊரிலேயே முப்பத்திரண்டு வருஷம் வேலை பார்த்தவன், இந்த ஊரைச் சுற்றிப் பார்க்க டூர். என் பெண் ஏற்பாடு செய்தாள். புனேயில் இருக்கிறாள். எழுபத்தைந்து முடிந்ததற்குப் பரிசாம். "அம்மா போனதுலேர்ந்து வீட்டுக்குள்ளயே கெடக்கறீங்கப்பா. நாலு பேரோட நடந்துட்டு வாங்க." ஆறு பேர், நாலு மணி நேரம், ஐந்து இடம். நடப்பது, தின்பது, மறுபடி நடப்பது. கூடவே ஒரு பெண் வந்து ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு கதை சொல்லுவாள். தின்பதற்குக் கதை எதற்கு?

நானாகத் தேடிப் போகவில்லை. அதை முதலில் சொல்லிவிடுகிறேன். போனில் நாலு டூர் அனுப்பினாள். மயிலாப்பூர், திருவல்லிக்கேணி, காசிமேடு மீன், அப்புறம் மண்ணடி. மண்ணடி என்றேன். மயிலாப்பூரில் வெயில் அதிகம். மண்ணடிப் பட்டியலில் ஐந்தாவதாக 'பங்கஜவல்லி அம்மா வீட்டுப் போளி' என்று போட்டிருந்தது. போட்டிருந்தால் போட்டிருக்கட்டும்.

பையில் ஒரு தாள் எடுத்துப் போனேன். அந்த அம்மாளிடம் கொடுக்க வேண்டிய தாள். கொடுத்துவிட்டால் முடிந்தது. இருபத்தாறு வருஷமாகக் கொடுக்க வேண்டியது.

என்ன தாளா? வருகிறேன். அவசரப்படுத்தாதே.

எட்டு மணிக்கு பாரிமுனையில் நிற்கச் சொன்னாள் அந்தப் பெண். பிரசில்லா என்று பேர். ராயபுரத்துப் பெண், இருபத்தைந்து வயசிருக்கும், தோளில் துணிப்பை, வாய் ஓயாது. பெங்களூரிலிருந்து ஒரு புருஷன் பெண்டாட்டி. கோயம்புத்தூரிலிருந்து தொப்பி வைத்த ஒருவர். இரண்டு பெண்கள், பாங்க் வேலை. நான்.

"தாத்தா, நீங்க மெதுவா நடங்க, நாங்க வெயிட் பண்றோம்" என்றாள்.

"நான் உனக்குத் தாத்தா இல்லை" என்றேன்.

"சரி அங்கிள்."

முதல் இடம் காப்பி. டம்ளரைக் கழுவுகிற வாளியைப் பார்த்தேன். தண்ணீர் சாம்பல் நிறம். எழுந்து போய், "எத்தனை மணிக்கு மாத்தின தண்ணி இது?" என்று கேட்டேன். பிரசில்லா ஓடி வந்தாள். "அங்கிள், டூர்ல வந்துட்டு சண்டை போடக் கூடாது." சண்டையா அது? கேள்வி. முப்பத்திரண்டு வருஷம் கேட்ட கேள்வி. நான் காப்பி குடிக்கவில்லை. அவள் என் பங்கைத் தொப்பிக்காரருக்குக் கொடுத்துவிட்டாள்.

ஃபுட் இன்ஸ்பெக்டர், தம்பி. அதுதான் வேலை. ஓட்டல், பலகாரக் கடை, பால் கடை எல்லாம். கடைக்குள் போனதும் நான் சரக்கைப் பார்க்க மாட்டேன். ஆளைப் பார்ப்பேன். "கையை நீட்டு." முதலாளியானாலும் சரி, சரக்கு மாஸ்டரானாலும் சரி. உள்ளங்கை. புறங்கை. நகம். நகத்துக்குள் கறுப்பு இருந்தால் அடுப்பை அணை. சுத்தமாக இருந்தால், "சரி." அந்த 'சரி'யை நான் சொல்லாமல் என் ஏரியாவில் ஒருவன் கரண்டியைத் தொட மாட்டான்.

பயந்தார்களா என்றால், பயந்தார்கள். பயப்படாதவன் கழுவ மாட்டான்.

இரண்டாவது இடம் முறுக்கு சாண்ட்விச். முறுக்குக்கு நடுவில் வெள்ளரிக்காய். ஊர் எங்கே போகிறது பார். அங்கே நிற்க வைத்துத்தான் அந்தப் பெண் ஒரு கதை எடுத்தாள்.

"இந்த ஏரியாவுல அந்தக் காலத்துல ஒரு இன்ஸ்பெக்டர் இருந்தாராம். பேரே பினாயில் சார். எந்தக் கடைக்குப் போனாலும் கையில பினாயில் பாட்டில். சரக்கு சரியில்லன்னு வைங்க, தூக்கித் தெருவுல வெச்சு, எல்லாரையும் கூப்பிட்டு, மேல ஊத்திடுவாராம். அவரு தெரு முனையில வர்றப்பவே வாசனை வந்துடுமாம். அம்மாங்க புள்ளைங்களுக்கு சோறு ஊட்டறப்ப, சாப்பிடு இல்லேன்னா பினாயில் சாரைக் கூப்பிடுவேன்னு சொல்லுவாங்களாம்!"

சிரித்தார்கள். பெங்களூர்க்காரர் ரொம்பச் சிரித்தார். "பாதி பாட்டில் ஊத்துவாராம், மீதிய அடுத்த கடைக்கு வெச்சுக்குவாராம்" என்றாள்.

"முழுப் பாட்டில்" என்றேன்.

"என்ன அங்கிள்?"

"பாதி ஊத்தினால் அடியில் இருப்பதை வழித்து விற்பான். முழுசாக ஊத்த வேண்டும்."

"உங்களுக்கு அவரைத் தெரியுமா அங்கிள்?"

"தெரியும்."

"ஐயோ, சூப்பர். எப்படி இருப்பாரு?"

"உயரமாக இருப்பார்" என்றேன். வேறு என்ன சொல்வது?

சட்டம் அப்படி இல்லைதான். ஒத்துக்கொள்கிறேன். சட்டப்படி மாதிரி எடுக்க வேண்டும். மூன்று பாட்டில். ஒவ்வொன்றிலும் கெடாமலிருக்க மருந்து விட்டு, அரக்கு முத்திரை வைத்து, சாட்சி கையெழுத்து வாங்கி, ஒன்றை ஆய்வுக்கு அனுப்ப வேண்டும். நாற்பது நாளில் முடிவு வரும். அதுவரை சரக்கைப் பூட்டி வைக்கலாம், அழிக்கக் கூடாது. சட்டம் எழுதினவனுக்குத் தெரு தெரியாது. நாற்பது நாள் கழித்து ஒரு தாள் வந்தால் தெருவில் எவன் படிப்பான்? பினாயிலைப் பார்த்தால் எல்லோருக்கும் புரியும். அதனால் மாதிரியும் எடுப்பேன், பினாயிலும் ஊற்றுவேன். மேலே இருந்தவர்களுக்குத் தெரியும். ஒருவரும் வேண்டாம் என்று சொன்னதில்லை.

மண்ணடியில் ஒரு தெருவில் தணிகாசலம் என்று ஒருவன் இருந்தான். பால்கோவா போடுவான். வேறு எதுவும் இல்லை, பால்கோவா மட்டும். காலையில் பால் ஏற்றினால் மதியம் மூன்று மணிக்குத்தான் இறக்குவான். அதுவரை கடைத் திண்டை விட்டு எழுந்திருக்க மாட்டான். அவன் நகம் என்னைக்கும் சுத்தம். ஒரு நாள்கூட அவனை நான் குறை சொன்னதில்லை. அதையும் சொல்லிவிடுகிறேன். நான் நியாயமாகப் பேசுகிறவன்.

ஒரு நாள் பக்கத்துத் தெரு டியூஷனில் ஏழு பிள்ளைகள் வாந்தி எடுத்தன. யாருக்கோ பிறந்தநாள், பால்கோவா கொடுத்திருக்கிறார்கள். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். தெருவே தணிகாசலம் கடை முன்னால். நான் போனேன். என்ன செய்யச் சொல்கிறாய்? ஏழு பிள்ளைகள். மாதிரி எடுத்தேன், மூன்று பாட்டில், முத்திரை வைத்தேன். அப்புறம் வாணலியைத் தெருவில் இறக்கச் சொன்னேன். பத்துக் கிலோ இருக்கும், சூடு ஆறவில்லை. முழுப் பாட்டில் ஊற்றினேன்.

அவன் கத்தவில்லை. காலில் விழவில்லை. அப்படி விழுகிறவர்களை எனக்குச் சமாளிக்கத் தெரியும். அவன் வாணலிகிட்டே வந்து குந்தினான். "நல்ல சரக்கு சார் இது" என்றான். கையை விட்டு ஒரு பிடி எடுத்தான். வாயில் போட்டான். மென்றான். இன்னொரு பிடி. தெரு பார்த்துக்கொண்டிருந்தது. "பாருங்க சார். ஒண்ணும் ஆவல. நல்ல சரக்கு சார்."

பினாயிலோடு.

மூன்றாவது பிடிக்குப் பிடித்து இழுத்தார்கள். நான் எட்ட நின்றேன். என் கையில் காலிப் பாட்டில் இருந்தது.

பதினோரு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தான். தொண்டை வெந்துபோய் ஒரு வாய் தண்ணீர் இறங்கவில்லை என்றார்கள். பன்னிரண்டாம் நாள் போய்விட்டான்.

என்னை ஏன் அப்படிப் பார்க்கிறாய்? நானா ஊட்டினேன்?

தெருவில் என்ன பேசினார்கள் தெரியுமா? அவன் பால்கோவாவைத் தின்று அவனே செத்தான் என்றார்கள். கடவுள் இருக்கிறான் என்றார்கள். பினாயிலை யாரும் சொல்லவில்லை. கண்ணால் பார்த்தவர்களே சொல்லவில்லை. நான் ரிப்போர்ட் எழுதினேன். 'கடை உரிமையாளரும் மேற்படி பண்டத்தை உட்கொண்டு உடல்நலம் குன்றி இறந்தார்.' அதில் பொய் ஒரு வார்த்தை உண்டா? உட்கொண்டானா இல்லையா? உட்கொண்டான்.

முப்பத்தெட்டாம் நாள் ஆய்வு முடிவு வந்தது. பால்கோவா தரமானது. உடலுக்குக் கேடு எதுவும் இல்லை. டியூஷன் வீட்டுத் தண்ணீர் டிரம்மில் எலி செத்துக் கிடந்தது அப்புறம் தெரிந்தது. பிள்ளைகள் ஏழும் நாலே நாளில் வீட்டுக்கு வந்துவிட்டன.

முடிவின் நகல் ஒன்று கடைக்காரனுக்கு அனுப்ப வேண்டும். அதுதான் முறை. கவரில் பேர் எழுதினேன். 'திரு. தணிகாசலம்.' எழுதின பிறகுதான் யோசித்தேன், ஆள் இல்லையே. இறந்தவன் பேருக்குத் தபால் போடக் கூடாது. பெண்டாட்டிக்கு அனுப்பலாம் என்று எந்த விதியிலும் இல்லை. மேஜையில் வைத்தேன். டிரான்ஸ்ஃபர் வந்தது. மேஜையைக் காலி செய்தபோது வீட்டுக்கு வந்தது. என் வீட்டில் பெட்டியில் கிடந்தது. என் வீட்டுக்காரி போன பிறகு பெட்டியை ஒழித்தபோது கையில் அகப்பட்டது. எதேச்சையாக.

எதேச்சையாகத்தான்.

அத்தோ என்று பர்மா நூடுல்ஸ் தின்றார்கள், ரோஸ் மில்க் குடித்தார்கள். அந்த இரண்டிலும் நான் வாயைத் திறக்கவில்லை. பதினோரு மணிக்கு அந்தத் தெரு.

கடை இருந்த இடத்தில் செல்போன் கவர் விற்கிறான். அதற்குப் பின்னால் சந்து. சந்தில் வீடு. ஒரு கூடம், அதிலேயே அடுப்பு. பிரசில்லா வாசலில் நிறுத்திச் சொன்னாள். "இந்த ஆன்ட்டிகிட்ட ஒரு ஸ்பெஷல். பால், நெய், வெண்ணெய் எதுவுமே இந்த வீட்டுக்குள்ள வராது. இருபத்தஞ்சு வருஷமா. போளிக்குக்கூட நல்லெண்ணெய்தான். வீகன்ங்கற வார்த்தை இங்க வர்றதுக்கு முன்னாடியே ஆன்ட்டி வீகன்!"

"வாவ்" என்றாள் பெங்களூர்க்காரி.

உள்ளே போய்த் தரையில் உட்கார்ந்தோம். எனக்கு மட்டும் ஸ்டூல் போட்டார்கள், முட்டி மடங்காது. பங்கஜவல்லி அறுபத்தெட்டு, எழுபது இருப்பாள். மெலிந்த ஆள். கல்லைப் பார்த்தபடி, "வாங்க, உக்காருங்க" என்றாள். ஒவ்வொருவருக்கும் இலைத்துண்டில் போளி போட்டுவிட்டுப் போய்க் கை கழுவினாள். அடுத்தவருக்குப் போட்டாள். மறுபடி கழுவினாள். ஐந்து பேருக்கு ஐந்து தடவை.

ஆறாவது நான்.

போளியோடு வந்தவள் நின்றாள். என்னை நிமிர்ந்து பார்த்தாள். எனக்கு முடி கொட்டிவிட்டது, மீசை எடுத்துவிட்டேன், கண்ணாடி வேறு. நிதானமாகப் போளியைத் தட்டில் திருப்பி வைத்தாள். இரண்டு கையையும் என் முகத்துக்கு நேரே நீட்டினாள். உள்ளங்கை. திருப்பினாள். புறங்கை. பத்து விரல்.

பாங்க் பெண்கள் சிரித்தார்கள். "ஆன்ட்டி செம காமெடி" என்று பிரசில்லா படம் எடுத்தாள்.

கை அப்படியே நின்றது. எண்ணெய் வாசனை. விரல் நுனியெல்லாம் சுட்ட தழும்பு. நகம் சுத்தம்.

"சரி" என்றேன்.

வாய் தானாகச் சொல்லிவிட்டது, தம்பி. பழக்கம். முப்பத்திரண்டு வருஷப் பழக்கம்.

அதற்கப்புறம்தான் என் இலையில் போளியைப் போட்டாள்.

தின்றேனா? தின்றேன். சர்க்கரையாவது மண்ணாவது, தின்றேன். அவள் பார்த்துக்கொண்டு நின்றாள்.

மற்றவர்கள் கை கழுவ வெளியே போனார்கள். நான் எழுந்தேன். பையிலிருந்து தாளை எடுத்து நீட்டினேன்.

"என்ன சார் இது?"

"ரிப்போர்ட். உங்க வீட்டுக்காரர் கேஸ்ல."

"இங்கிலீஷ்ல இருக்கு. நீங்களே படிச்சுச் சொல்லுங்க."

படித்தேன். மாதிரி எண், தேதி, முத்திரை கலையாமல் வந்தது, எல்லாம். "முக்கியமானதைச் சொல்லுங்க சார்" என்றாள்.

"தரமானது. உடலுக்குக் கேடு இல்லை."

"தேதி என்ன சொன்னீங்க?"

சொன்னேன். உதட்டை அசைத்துக் கணக்குப் போட்டாள். இருபத்தாறு வருஷம் என்று அவளுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

அழவில்லை. கல்லை அணைத்தாள். "எம் பொண்ணைக் கட்டிக்கறதா இருந்த இடம், அப்பன் விஷம் வித்தவன்னு வேணாம்னுட்டாங்க சார். அவ இப்பவும் மாதவரத்துல ஒண்டியாத்தான் இருக்கா" என்றாள். சாதாரணமாகத்தான் சொன்னாள். அப்புறம் என்னைப் பார்த்து, "வாங்க சார், வெளிய வாங்க" என்றாள்.

"எதுக்கு?"

"தெருவுக்கு. இதைத் தெருவுல நின்னு படிங்க. அன்னிக்கு நீங்க ஊத்தினது தெருவுலதான. உள்ள வந்து ரகசியமா ஊத்தலயே. எதுத்த வீட்டு முனிரத்னம் இருக்காரு, அன்னிக்குப் பாத்தவரு. மாவு மில்லு ஆளுங்க இருக்காங்க. நான் போயிக் கூப்பிடறேன். சத்தமாப் படிங்க. நான் ஒண்ணும் கேக்கல. அது மட்டும் படிச்சுட்டுப் போங்க."

தம்பி, நீயே சொல். உச்சி வெயில். எனக்கு முட்டி. டூர் முடிகிற நேரம். அந்தப் பெண் வாசலில் நின்று, "அங்கிள், குரூப் ஃபோட்டோ!" என்று கூப்பிடுகிறாள். பெங்களூர்க்காரருக்கு விமானம். நான் ரிட்டையர் ஆனவன், எந்த அதிகாரத்தில் தெருவில் நின்று அரசாங்கத் தாளைப் படிப்பது? முறை என்று ஒன்று இருக்கிறது.

"டூருக்கு நேரமாகிவிட்டது அம்மா" என்றேன்.

"ஓ" என்றாள். அவ்வளவுதான். "டூருக்கா."

தாளை என் கையிலிருந்து வாங்கினாள். கிழிக்கப் போகிறாள் என்று நினைத்தேன். கிழிக்கவில்லை. மேடையில் விரித்தாள். தட்டில் மிச்சமிருந்த போளி நாலையும் அதன்மேல் அடுக்கினாள். நாலு பக்கமும் மடித்து, நூல் சுற்றி, முடிச்சுப் போட்டாள். நீட்டினாள்.

"பார்சல், சார். தெருவுல படிக்காத தாள் எனக்கு எதுக்கு?"

ஃபோட்டோ எடுத்தார்கள். நான் ஓரத்தில். கையில் பொட்டலம்.

கொடுத்தேன், அவள் திருப்பிக் கொடுத்தாள். என் கடமை முடிந்ததா இல்லையா? சொல்லேன். கொடுக்க வேண்டியதைக் கொடுத்தாயிற்று. நாளைக்கு எவனும் என்னைக் கேட்க முடியாது.

நீ ஏன் பேச மாட்டேன் என்கிறாய்?

அவள் தெருவுக்குக் கூப்பிட்டபோது முனிரத்னம் வாசலில்தான் உட்கார்ந்திருந்தான். வெளியே வரும்போது பார்த்தேன். கிழவனாகிவிட்டான். அவனுக்கு என்னைத் தெரிந்தது. எழுந்து நின்று கும்பிட்டான். "பினாயில் சாருங்களா!" என்றான். மரியாதையாகத்தான். நானும் கும்பிட்டேன். அப்போது படித்திருக்கலாம். தாள் கையில்தான் இருந்தது. நூலைப் பிரித்தால் போதும்.

வெயில் என்றேனே. வெயில்தான்.

இங்கே பார், எழுத்து எண்ணெயில் ஊறி இந்தப் பக்கம் தெரிகிறது. தலைகீழாக. மாதிரி எண் தெரிகிறது. முத்திரை தெரிகிறது. இங்கே வேண்டுமானால் படிக்கலாம். கடற்கரை ஸ்டேஷன், இரண்டாம் பிளாட்பாரம். சத்தமாகவே படிக்கலாம். இங்கே எவனுக்கும் தணிகாசலத்தைத் தெரியாது.

வண்டி வருகிறது. தாம்பரம்தான். நீ ஏறு. நான் அடுத்ததில் வருகிறேன். முட்டி பிடித்துக்கொண்டது, அவ்வளவுதான்.

பசி என்று உன் முகத்தில் எழுதியிருக்கிறது. சரி, ஒன்று எடுத்துக்கொள். இரண்டே எடுத்துக்கொள். நல்ல சரக்கு. சுத்தமான கை செய்தது, நான் பார்த்தேன். பொறு, தாள் கிழியாமல் பிரிக்கிறேன்.

இந்தா.

வேண்டாம். கையை நீட்டாதே. மடக்கு, கையை மடக்கு என்கிறேன். இதோ, பெஞ்சின் மேல் வைக்கிறேன். நீயே எடுத்துக்கொள்.